பழைய சைன் சாஃப்ட்வேர் விண்டோஸ் 11-ல் ஏறவில்லை: டாங்கிள், சீரியல் கட்டர், பழைய ஃபைல்கள்

கத்திமுனை எழுதியது:

வணக்கம் நண்பர்களே. ஸ்டிக்கர் கட்டிங், பெயர்ப்பலகை வேலை பார்க்கிறேன். எக்ஸ்பி ஓடும் கணினியில் ஒரு பழைய சைன் டிசைன் சாஃப்ட்வேரை வைத்துத்தான் இன்றைக்கும் பிழைப்பு ஓடுகிறது. அந்த மெஷின் இப்போது வேலையின் நடுவே தானாக அணைந்துவிடுகிறது. திறந்து பார்த்தால் மதர்போர்டில் கெப்பாசிட்டர்கள் உப்பியிருக்கின்றன. விண்டோஸ் 11 போட்ட புதிய கணினி வாங்கியாயிற்று. அதில் பழைய சிடியைப் போட்டு செட்டப்பை அழுத்தினால், 'இந்த ஆப் உங்கள் கணினியில் இயங்காது' என்று ஒரு பெட்டி வருகிறது, அவ்வளவுதான். கம்பேட்டிபிலிட்டி மோடில் 98, எக்ஸ்பி எல்லாம் வைத்துப் பார்த்துவிட்டேன்.

டாங்கிள் (செருகினால்தான் சாஃப்ட்வேர் திறக்கும் பாதுகாப்புச் சாவி) பேரலல் போர்ட்டில், அதாவது பழைய பிரின்டர் போர்ட்டில், செருகும் வகை. கட்டர் 9 பின் சீரியல் கேபிளில் ஓடுகிறது. சாஃப்ட்வேர் விற்றவர்களைக் கேட்டால் அந்த வெர்ஷனுக்கு இனி சப்போர்ட் இல்லை, மாதச் சந்தாவில் புதியதை எடுங்கள் என்கிறார்கள். புதியது எடுக்க எனக்குத் தயக்கம் இல்லை. ஆனால் வாடிக்கையாளர்களின் லோகோ, பலகை அளவு எல்லாமே அந்தப் பழைய ஃபார்மட்டில் கிடக்கின்றன. புதிய வெர்ஷன் அவற்றைத் திறக்குமா என்று கேட்டால் நேராகப் பதில் வரவில்லை. ஏதாவது வழி உண்டா?

பழையஇரும்பு எழுதியது:

சாஃப்ட்வேரே ஓடாது என்று அதற்குள் முடிவு கட்டாதீர்கள். உங்களிடம் ஓடாதது செட்டப் மட்டும்தான். 90களின் கடைசியில் வந்த பல சாஃப்ட்வேர்கள் 32 பிட்டில் எழுதப்பட்டவை, ஆனால் அவற்றை நிறுவும் செட்டப் நிரல் 16 பிட்டாகவே இருக்கும். 64 பிட் விண்டோஸில் 16 பிட் நிரலை ஓட்டும் பகுதியே கிடையாது. விண்டோஸ் 10-இன் 32 பிட் பதிப்பு வரைக்கும் என்டிவிடிஎம் என்ற பெயரில் அது இருந்தது. விண்டோஸ் 11-க்கு 32 பிட் பதிப்பே வெளிவரவில்லை, அதோடு அந்த வழி அடைபட்டுவிட்டது. 32 பிட் நிரல்கள் மட்டும் இன்றைக்கும் அதில் ஓடும்.

கம்பேட்டிபிலிட்டி மோட் இந்த இடத்தில் உதவாது. நிரல் 'என்ன விண்டோஸ்' என்று கேட்டால் எக்ஸ்பி என்று பதில் சொல்லும், இன்னும் சில சின்ன வசதிகள் செய்து கொடுக்கும். இல்லாத 16 பிட் ஆதரவை அதனால் கொண்டுவர முடியாது.

எக்ஸ்பி மெஷினில் நிறுவியிருக்கும் ஃபோல்டரை அப்படியே காப்பி எடுங்கள். புதிய கணினியில் சி டிரைவில் நேரடியாக ஒரு ஃபோல்டர் போட்டு அதில் வைத்து, உள்ளே இருக்கும் எக்ஸி ஃபைலை ஓட்டிப் பாருங்கள். புரோகிராம் ஃபைல்ஸுக்குள் வைக்க வேண்டாம். பழைய நிரல்கள் செட்டிங்கை எல்லாம் தங்கள் ஃபோல்டரிலேயே எழுதும் பழக்கம் உள்ளவை. விஸ்டா காலத்திலிருந்து அந்த இடத்தில் எழுத சாதாரண பயனருக்கு அனுமதி இல்லை. விண்டோஸ் பிழை எதுவும் காட்டாமல் எழுதப்படுவதை வேறோர் இடத்துக்குத் திருப்பிவிடும். ஒருநாள் அட்மினாகவும் ஒருநாள் சாதாரணமாகவும் ஓட்டினால் கட்டர் செட்டிங் மாறி மாறித் தெரிவது இதனால்தான்.

ஓட்டியபின் என்ன பிழை வருகிறது என்று எழுதுங்கள். அதைப் பார்த்துத்தான் அடுத்தது.

கத்திமுனை எழுதியது:

நன்றி அண்ணா. முதலில் ஒரு டிஎல்எல் (நிரலுக்குத் தேவையான துணை ஃபைல்) இல்லை என்றது. பழைய மெஷினின் சிஸ்டம்32-இல் அது இருந்தது, எடுத்து சாஃப்ட்வேர் ஃபோல்டரிலேயே போட்டேன். இப்போது முகப்புப் படம் வருகிறது. அடுத்து 'பாதுகாப்புச் சாவி இல்லை' என்று சொல்லி மூடிக்கொள்கிறது.

வினைல்ராஜா எழுதியது:

கொஞ்சம் பொறுங்கள் கத்திமுனை. அடுத்த அடி வைக்கும் முன் அந்தப் பழைய ஹார்ட் டிஸ்கை இமேஜ் (முழு டிஸ்கின் அச்சு அசல் நகல்) எடுத்துவிடுங்கள். கெப்பாசிட்டர் உப்பிய போர்டு வேலை நடுவில் அணைகிறது என்றால், டிஸ்கில் எழுதிக்கொண்டிருக்கும்போதே அணையும் என்று அர்த்தம். இனி அந்த மெஷினை வேலைக்கு ஆன் செய்யாதீர்கள். டிஸ்கைக் கழற்றி, ஐடிஇ-யிலிருந்து (பழைய டிஸ்க் இணைப்பு வகை) யூஎஸ்பிக்கு மாற்றும் அடாப்டரில் செருகி, குளோன்சில்லா மாதிரி ஒன்றில் முழு டிஸ்கையும் இமேஜாக்குங்கள். ஃபைல்களை மட்டும் காப்பி எடுத்தால் போதாது. ரெஜிஸ்ட்ரியில் (விண்டோஸ் செட்டிங்குகளைப் பதிந்து வைக்கும் இடம்) இருக்கும் லைசன்ஸ் பதிவுகளும் டாங்கிள் டிரைவரும் இமேஜில்தான் வரும்.

சிடியையும் ஐஎஸ்ஓ-வாக எடுத்து வையுங்கள். பழைய சிடிக்கள் ஒருநாள் படிக்காமல் போகும், முன்னறிவிப்பு எதுவும் இருக்காது.

நேர்கோடு எழுதியது:

இவ்வளவு சிரமம் எதற்கு என்று எனக்குப் புரியவில்லை. பெரும்பாலான வினைல் கட்டர்கள் கேட்பது எச்பிஜிஎல்தான். பேனாவைத் தூக்கு, பேனாவை இறக்கு, இந்த இடத்துக்குப் போ என்று சொல்லும் வெறும் எழுத்துக் கட்டளைகள். இங்க்ஸ்கேப்பில் எக்ஸ்டென்ஷன் மெனுவில் எக்ஸ்போர்ட்டுக்குக் கீழே பிளாட் என்று ஒன்று இருக்கிறது, சீரியல் போர்ட்டுக்கு நேராக எச்பிஜிஎல் அனுப்பும். இலவசம், விண்டோஸ், லினக்ஸ் இரண்டிலும் ஓடும். செத்துக்கொண்டிருக்கும் சாஃப்ட்வேருக்கு எத்தனை நாள் மூச்சு கொடுப்பது?

பழையஇரும்பு எழுதியது:

நேர்கோடு சொல்வதில் பாதியை ஒத்துக்கொள்கிறேன். புதிய வேலைகளுக்கு இங்க்ஸ்கேப் நல்ல வழி, நானே சொல்லியிருப்பேன். ஆனால் கேள்வி கேட்டவரின் சொத்து அந்தப் பழைய ஃபைல்களில் இருக்கிறது. அவற்றை ஒழுங்காகத் திறக்கத் தெரிந்தது அந்த ஒரு சாஃப்ட்வேர்தான். நிரந்தரமாக அதிலேயே இருக்கச் சொல்லவில்லை. ஃபைல்களை வெளியே எடுக்கும்வரையாவது அது ஓடியாக வேண்டும்.

அப்புறம், சைன் சாஃப்ட்வேர் செய்கிற எல்லாவற்றையும் பொதுவான வரைகலை சாஃப்ட்வேர் செய்துவிடாது. ரோல் அகலத்தைவிடப் பெரிய எழுத்தைத் துண்டு துண்டாகப் பிரித்து ஓவர்லேப் விட்டு வெட்டுவது, வீடிங் (வெட்டியபின் வேண்டாத வினைலை உரித்தெடுப்பது) எளிதாக இருக்கச் சுற்றிலும் கட்டம் போடுவது, மிச்சம் குறையும்படி எழுத்துகளை நெருக்கி அடுக்குவது, ஒரே நிறத்தை மட்டும் தனியே அனுப்புவது. இவற்றை நாள் முழுக்கச் செய்கிறவருக்கு அதன் அருமை தெரியும்.

டாங்கிளுக்கு வருகிறேன். முதலில் ஒன்று: யூஎஸ்பியிலிருந்து பேரலலுக்கு மாற்றும் கேபிளை வாங்கிவிடாதீர்கள். அது பிரின்டருக்காகச் செய்தது. கணினிக்கு ஒரு யூஎஸ்பி பிரின்டராகத்தான் தெரியும். டாங்கிளைத் தேடும் நிரல் 378 ஹெக்ஸ் மாதிரியான போர்ட் முகவரியில் மின்னளவை நேரடியாக மாற்றிப் பதிலைப் படிக்கப் பார்க்கும். அந்த முகவரியே அந்தக் கேபிளில் இல்லை.

பிசிஐ எக்ஸ்பிரஸ் பேரலல் கார்டு போட்டால் உண்மையான போர்ட் கிடைக்கும், ஆனால் முகவரி வேறாக இருக்கும். சில டாங்கிள் டிரைவர்கள் தேடிக் கண்டுபிடிக்கும், சில 378-ஐத் தவிர வேறெங்கும் பார்க்காது. அதைவிடப் பெரிய தடை டிரைவர். 64 பிட் விண்டோஸில் கெர்னல் (விண்டோஸின் மையப் பகுதி) டிரைவரும் 64 பிட்டாக, கையொப்பமிட்டதாக இருக்க வேண்டும். எக்ஸ்பி கால 32 பிட் டிரைவரை எந்தத் தந்திரம் செய்தும் ஏற்ற முடியாது. நிரல் ஓடும், டிரைவர் ஓடாது. உங்கள் மெஷின் நின்றிருக்கும் இடம் இதுதான்.

டாங்கிளின் மேல் என்ன பெயர் இருக்கிறது என்று பாருங்கள். ஹாஸ்ப் என்றிருந்தால் அதைச் செய்த அலாடின் நிறுவனம் சேஃப்நெட் கைக்குப் போய், அங்கிருந்து ஜெமால்டோ, 2019-இல் தாலெஸ் என்று கைமாறிவிட்டது. இன்றைக்கு டிரைவர் சென்டினல் என்ற பெயரில் தாலெஸ் தளத்தில்தான் கிடைக்கும். பழைய பெயரில் தேடினால் கண்ட கண்ட தளங்களுக்குப் போய் மாட்டிக்கொள்வீர்கள்.

சின்னரோல் எழுதியது:

டாங்கிள் எமுலேட்டர் என்று இணையத்தில் கிடைக்கிறதே அண்ணா. டாங்கிளைப் படித்து ஒரு ஃபைலாக்கிவிட்டால் போர்ட்டே தேவையில்லை என்கிறார்கள். காசு கொடுத்து வாங்கிய சாஃப்ட்வேர்தானே?

பழையஇரும்பு எழுதியது:

வேண்டாம் தம்பி. காசு கொடுத்து வாங்கியிருந்தாலும் பூட்டை உடைப்பது சட்டப்படி சரியா என்பது நாட்டுக்கு நாடு மாறும். அதை ஒதுக்கி வைத்தாலும், அந்த எமுலேட்டர் கெர்னலுக்குள் உட்காரும் ஒரு டிரைவர். யார் எழுதியது என்று தெரியாத நிரலுக்குக் கணினியின் அடிமடியைத் திறந்து விடுகிறீர்கள். அதை ஏற்றுவதற்காக விண்டோஸின் கையொப்பச் சோதனையை வேறு அணைக்கச் சொல்வார்கள். வங்கிக் கணக்கும் வாடிக்கையாளர் விவரமும் இருக்கிற கணினியில் இதைச் செய்யலாமா?

சாஃப்ட்வேர் நிறுவனத்துக்கே நேரடியாக எழுதுங்கள், விற்பனையாளர் மூலமாகப் போகாதீர்கள். சீரியல் எண்ணையும் வாங்கிய ரசீதையும் இணைத்து, பேரலல் டாங்கிளுக்கு மாற்றாக யூஎஸ்பி டாங்கிள் தர முடியுமா என்று கேளுங்கள். பழைய ஃபைல்களைத் திறக்கும் புதிய வெர்ஷன் எது என்பதையும் எழுத்தில் வாங்குங்கள். முடிந்தால் ஒரு மாதிரி ஃபைலை அனுப்பித் திறந்து காட்டச் சொல்லுங்கள்.

கத்திமுனை எழுதியது:

எழுதியிருக்கிறேன் அண்ணா. அதற்குள் டிஸ்க் இமேஜ் எடுத்தாயிற்று. அதை வைத்து வெர்ச்சுவல் மெஷினில் (கணினிக்குள் நிரலாக ஓடும் இன்னொரு கணினி) எக்ஸ்பியை அப்படியே ஓட்ட முடியுமா?

வினைல்ராஜா எழுதியது:

முடியும். விஎம்வேர் வொர்க்ஸ்டேஷன் 2024 நவம்பரிலிருந்து தொழில் பயன்பாட்டுக்கும் இலவசம். வெர்ச்சுவல் டிஸ்கை ஐடிஇ வகையாக வையுங்கள், இல்லையென்றால் எக்ஸ்பி ஏறும்போதே நீலத்திரையில் 7பி என்று நின்றுவிடும். அந்த எக்ஸ்பிக்குத் தெரிந்த டிஸ்க் கன்ட்ரோலர் ஐடிஇ மட்டும்தான். ஹார்டுவேர் மாறிவிட்டதென்று ஆக்டிவேஷன் மறுபடி கேட்கலாம், கீ கையில் இருக்கட்டும்.

யூஎஸ்பி டாங்கிளாக இருந்தால் விர்ச்சுவல் மெஷினுக்குள் அதை விட்டுவிடலாம், பெரும்பாலும் வேலை செய்யும். எக்ஸ்பிக்குள் எக்ஸ்பி டிரைவர், யாருக்கும் சண்டை இல்லை. பேரலல் போர்ட்டையும் விஎம்வேரில் உள்ளே விட வழி உண்டு. ஆனால் டாங்கிள் பதில் சொல்லும் நேரத்தைச் சில நிரல்கள் அளந்து பார்க்கும். அந்தச் சின்னத் தாமதத்தைக் கண்டால் போலி என்று நினைத்துக்கொள்ளும். போட்டுப் பார்த்தால்தான் தெரியும்.

மிச்சக்கோடு எழுதியது:

ஆப்பிள் கணினியில் இருப்பவர்களுக்கு ஒரு குறிப்பு. 2019-இல் வந்த கேட்டலினாவோடு 32 பிட் ஆப்புகள் மொத்தமாக நின்றுபோயின, மொஹாவேதான் கடைசி. புதிய ஆப்பிள் சிப்பில் எக்ஸ்பியை விர்ச்சுவல் மெஷினாக ஓட்ட முடியாது. யூடிஎம் போன்றவற்றில் இன்டெல் சிப்பையே எமுலேட் செய்துதான் ஓட்ட வேண்டும், மெதுவாக இருக்கும். ஃபைல் எடுக்கப் போதும், தினசரி வேலைக்கு ஆகாது.

சின்னரோல் எழுதியது:

எனக்கும் ஒரு சந்தேகம். என் சாஃப்ட்வேர் விண்டோஸ் 10-இல் ஓடுகிறது, டாங்கிள் தொல்லை இல்லை. யூஎஸ்பி சீரியல் கேபிள் போட்டு வெட்டுகிறேன். சின்ன வேலை சரியாக வருகிறது. பெரிய பலகை அனுப்பினால் முதல் இரண்டு மூன்று எழுத்து சுத்தமாக வெட்டிவிட்டு, திடீரென்று கத்தி ஒரு எழுத்தின் நடுவிலிருந்து இன்னொரு எழுத்துக்குக் குறுக்கே கிழித்துக்கொண்டு போகிறது. வினைல் வீணாகிறது. கத்தியை மாற்றினேன், கட்டரைத் திறந்து பெல்ட் பார்த்தேன், ஒன்றும் சரியாகவில்லை.

பழையஇரும்பு எழுதியது:

இது கத்தியும் இல்லை, பெல்ட்டும் இல்லை. ஹேண்ட்ஷேக். கணினி அனுப்பும் வேகத்துக்குக் கட்டர் வெட்ட முடியாது. அதன் பஃபர் (வந்த கட்டளைகளைத் தற்காலிகமாக வைக்கும் நினைவகம்) நிறைந்ததும் 'நிறுத்து' என்று சைகை காட்டும். கேபிளிலோ செட்டிங்கிலோ அந்தச் சைகை போய்ச் சேராவிட்டால் கணினி அனுப்பிக்கொண்டே இருக்கும், நிறைந்த பஃபரில் இடமில்லாமல் கட்டளைகள் கீழே விழும். விழுந்தது 'கத்தியைத் தூக்கு' என்ற கட்டளையாக இருந்தால், கத்தி இறங்கியபடியே அடுத்த எழுத்துக்குப் போகும். நீங்கள் பார்க்கிற குறுக்குக் கிழிசல் அதுதான். சின்ன வேலை பஃபருக்குள் அடங்கிவிடுவதால் தப்பிக்கிறது.

கட்டரின் மெனுவிலும் சாஃப்ட்வேரிலும் விண்டோஸின் டிவைஸ் மேனேஜரிலும் ஒரே செட்டிங் இருக்கிறதா பாருங்கள். வேகம் பெரும்பாலும் 9600, 8 டேட்டா பிட், பேரிட்டி இல்லை, 1 ஸ்டாப் பிட். ஃப்ளோ கன்ட்ரோல் (அந்த 'நிறுத்து' சைகை போகும் முறை) ஹார்டுவேர் என்றால் எல்லா இடத்திலும் ஹார்டுவேர். ஹார்டுவேர் என்று வைத்தும் தொல்லை தொடர்ந்தால் கேபிளைச் சந்தேகப்படுங்கள். மூன்று கம்பி மட்டும் இணைத்த மலிவுக் கேபிளில் அந்தச் சைகைக்கான கம்பியே இருக்காது. உள்ளே எஃப்டிடிஐ சிப் உள்ள அடாப்டர் வாங்குங்கள். புரோலிஃபிக் பழைய சிப்புகளையும் போலிகளையும் புதிய டிரைவர் ஏற்க மறுக்கும், டிவைஸ் மேனேஜரில் மஞ்சள் முக்கோணம்தான் தெரியும்.

இன்னொன்று. பழைய சாஃப்ட்வேரில் காம் 1 முதல் காம் 4 வரைதான் தேர்வு இருக்கும். விண்டோஸ் உங்கள் அடாப்டருக்கு காம் 7 என்று கொடுத்திருந்தால் டிவைஸ் மேனேஜரில் அந்தப் போர்ட்டின் அட்வான்ஸ்டு பகுதியில் எண்ணை மாற்றிவிடலாம்.

சின்னரோல் எழுதியது:

மூன்று கம்பிக் கேபிள்தான் அண்ணா! முழுக் கம்பி உள்ளது போட்டதும் பெரிய பலகை முழுசாக வெட்டியது. மனமார்ந்த நன்றி. ஆனால் இங்க்ஸ்கேப்பிலிருந்து அனுப்பினால் அளவு லேசாகச் சிறுக்கிறது. ஒரு மீட்டர் வரவேண்டியது 984 மில்லிமீட்டர் வருகிறது.

நேர்கோடு எழுதியது:

இது ரெசல்யூஷன் செட்டிங். எச்பிஜிஎல்லின் ஓர் அலகு 0.025 மில்லிமீட்டர், அதாவது ஓர் அங்குலத்துக்கு 1016. உங்களிடம் எங்கோ 1000 என்று இருக்கிறது. 1000-ஐ 1016-ஆல் வகுத்துப் பாருங்கள், 0.984 வரும். எக்ஸ்போர்ட் பெட்டியில் இரண்டு திசைக்கும் 1016 வையுங்கள்.

எழுத்துமேடை எழுதியது:

ஃபைல்களை வெளியே எடுப்பது பற்றி இன்னும் யாரும் விரிவாக எழுதவில்லை, அதனால் சொல்கிறேன்.

பழைய சாஃப்ட்வேர் ஒருநாளாவது ஓடினால், முக்கியமான ஃபைல்கள் ஒவ்வொன்றையும் திறந்து எழுத்துகளை எல்லாம் கர்வ் (வெறும் கோட்டு வடிவம்) ஆக்கி இபிஎஸ் ஆக (பல சாஃப்ட்வேர்கள் திறக்கும் வரைகலை ஃபார்மட்) ஏற்றுமதி செய்யுங்கள். இதைத் தள்ளிப்போடவே கூடாது. தமிழ் வேலை செய்தவர்களுக்கு இது இரண்டு மடங்கு அவசியம். அந்தக் கால ஃபைல்களில் பாமினி மாதிரி யூனிகோட் அல்லாத எழுத்துருக்கள்தான். அந்த எழுத்துரு இல்லாத கணினியில் திறந்தால் 'அம்மா' இருக்க வேண்டிய இடத்தில் ஆங்கில எழுத்தும் குறியும் கலந்து கிடக்கும். டைப் 1 என்ற பழைய வகை எழுத்துருக்களுக்கு அடோபி 2023 ஜனவரியோடு ஆதரவை நிறுத்திவிட்டது, அதையும் கணக்கில் வையுங்கள். கர்வ் ஆக்கிவிட்டால் எழுத்தின் வடிவம் எங்கும் மாறாது. பிறகு வாசகத்தைத் திருத்த முடியாது என்பதால் பக்கத்திலேயே ஒரு டெக்ஸ்ட் ஃபைலில் வாசகத்தையும் எழுத்துருவின் பெயரையும் குறித்து வையுங்கள்.

எதிர்த்திசையிலும் இதே கதை. யூனிகோட் தமிழை அந்தச் சாஃப்ட்வேரில் ஒட்டினால் கேள்விக்குறிகளாக விழும். புதிய கணினியில் தட்டச்சு செய்து, பாத் (அதாவது கர்வ்) ஆக்கி, இபிஎஸ் ஆகக் கொண்டு போங்கள். இல்லஸ்ட்ரேட்டரில் அதன் சொந்த ஏஐ ஃபைலாகச் சேமிப்பவர்கள் வெர்ஷன் 8 அல்லது அதற்கு முந்தையதாகச் சேமிக்க வேண்டும். வெர்ஷன் 9-இலிருந்து அந்த ஃபைலின் உள்ளமைப்பே பிடிஎஃப் ஆகிவிட்டது, பழைய சைன் சாஃப்ட்வேருக்கு அது புரியாது. டிஎக்ஸ்எஃப் (கேட் வரைபட ஃபார்மட்) வழியை நான் கடைசியாகத்தான் தொடுவேன். வளைவுகள் குட்டிக் குட்டி நேர்கோடுகளாக உடைந்து, வெட்டும்போது 'ள', 'ற' போன்ற எழுத்துகளின் சுழியில் கத்தி விக்கி விக்கிப் போகும். முனை முனையாக இருப்பது பலகையில் ஒட்டியபின் வெளிச்சத்தில் அப்பட்டமாகத் தெரியும்.

பழைய சிடிஆர் (கோரல்டிரா) ஃபைல்களை லிப்ரெஆபிஸ் டிராவில் திறந்து பாருங்கள். பலருக்குத் தெரியாத வசதி அது.

கத்திமுனை எழுதியது:

நிலவரம் சொல்கிறேன். வெர்ச்சுவல் மெஷினில் எக்ஸ்பி ஏறியது. பிசிஐ எக்ஸ்பிரஸ் பேரலல் கார்டு வழியாக டாங்கிளை விட்டுப் பார்த்தேன், சாஃப்ட்வேர் ஏற்கவில்லை. வினைல்ராஜா சொன்ன தாமத விஷயமாகத்தான் இருக்கும். நிறுவனத்திடமிருந்து பதில் வந்தது: யூஎஸ்பி டாங்கிள் மாற்றம் இப்போது கிடையாதாம்.

அதனால் விண்டோஸ் 7 காலத்து அலுவலகக் கணினி ஒன்றைப் பழையதாக வாங்கினேன். பேரலல், சீரியல் இரண்டும் போர்டிலேயே இருக்கின்றன. இமேஜை அதில் இறக்கியதும் முதலில் அதே 7பி நீலத்திரை. பயாஸில் சாட்டா மோடை ஏஹெச்சிஐ-யிலிருந்து ஐடிஇ-க்கு மாற்றியதும் எக்ஸ்பி ஏறி, டாங்கிளும் உடனே பிடித்துக்கொண்டது. இப்போது எழுத்துமேடை சொன்னபடி ஒவ்வொரு ஃபைலாக இபிஎஸ் ஆக்கிக்கொண்டிருக்கிறேன். இதையும் புதிய கணினியையும் நெட்வொர்க்கில் இணைக்கலாமா? எக்ஸ்பியின் ஷேர் ஃபோல்டரை விண்டோஸ் 11 காட்ட மாட்டேன் என்கிறது.

வினைல்ராஜா எழுதியது:

காட்டாமல் இருப்பதே நல்லது. எக்ஸ்பி பேசுவது எஸ்எம்பி என்ற ஃபைல் பகிர்வு முறையின் முதல் பதிப்பு. 2017 மே மாதம் ஃபைல்களைப் பூட்டிப் பணம் கேட்கும் வான்னாக்ரை பரவியது அதன் ஓட்டை வழியாகத்தான். விண்டோஸ் 11 அதை இயல்பாகவே நிறுவுவதில்லை. சில வழிகாட்டிகள் அதை ஆன் செய்யச் சொல்லும், செய்யாதீர்கள். எக்ஸ்பிக்கு ஆதரவு 2014 ஏப்ரலிலேயே முடிந்துவிட்டது, நெட்வொர்க் கேபிளே அதில் இருக்கக் கூடாது. பென் டிரைவ் போதும். ஃபேட்32-இல் ஃபார்மட் செய்யுங்கள். எக்ஸ்ஃபேட் என்றால் தனி அப்டேட் போடாத எக்ஸ்பி அதைப் படிக்காது.

மிச்சக்கோடு எழுதியது:

கத்திமுனை, அந்தப் பழைய டாங்கிள்தான் இப்போது உங்களிடம் இருக்கும் ஒரே சாவி. கணினி ஆனில் இருக்கும்போது அதைச் செருகவோ கழற்றவோ வேண்டாம். பேரலல் போர்ட் அதற்காகச் செய்யப்பட்டதில்லை, போர்ட்டும் டாங்கிளும் சேர்ந்து போகலாம்.

சின்னரோல் எழுதியது:

கடைசியாக ஒன்று. அண்ணன் ஒருவர் புதிதாக லேப்டாப் வாங்கப் போகிறார், ஆர்ம் சிப் உள்ள விண்டோஸ். பேட்டரி நிறைய நேரம் வருமாம். அவருக்கு யூஎஸ்பி டாங்கிள் உள்ள சைன் சாஃப்ட்வேர். ஓடுமா?

பழையஇரும்பு எழுதியது:

32 பிட் நிரலை ஆர்ம் விண்டோஸ் எமுலேட் செய்து ஓட்டிவிடும். கெர்னல் டிரைவரை எமுலேட் செய்யாது, அது ஆர்முக்கென்றே எழுதப்பட்டிருக்க வேண்டும். டாங்கிள் செய்தவர்களிடம் ஆர்ம் டிரைவர் இருக்கிறதா, அது இவருடைய டாங்கிள் மாடலுக்குப் பொருந்துமா என்று கேட்டுவிட்டு வாங்கச் சொல்லுங்கள். சீரியல் அடாப்டர் டிரைவருக்கும் அதே கேள்வி. இரண்டுக்கும் 'ஆமாம்' என்று பதில் வரவில்லை என்றால் இன்டெல் அல்லது ஏஎம்டி சிப் உள்ளதையே எடுக்கட்டும்.